மிளகாய் சுற்றி வந்த சொல்

1999 ஜூன் 6, ஞாயிறு

காலையிலிருந்து மழை. பஸ் வரவில்லை, யட்டியாந்தோட்டைக்கு நடந்தே போய் வந்தேன். வாங்கியது: செத்தல் மிளகாய், பருப்பு, சவுக்காரம், அம்மாவின் காலுக்கு எண்ணெய். கருவாடு வாங்கவில்லை.

முஸ்லிம் நானாவின் கடையில் இப்போது பழைய புத்தகத் தாளில்தான் சாமான் சுற்றித் தருகிறார்கள். மிளகாயை டின்னில் கொட்டிவிட்டுத் தாளைப் பிரித்தால் அகராதி. இங்கிலீசிலிருந்து தமிழுக்கு. பெரிய புத்தகமாக இருந்திருக்க வேண்டும், எழுத்தெல்லாம் எறும்பு மாதிரி. தாளின் இரண்டு பக்கமும் ஏறக்குறைய ஒரே சொல். லைன்.

ஒரு சொல்லுக்கு இவ்வளவு இருக்குமா? எனக்குத் தெரிந்தது இரண்டு. கொப்பியில் போடும் கோடு ஒன்று, தோட்டத்தில் நாங்கள் குடியிருக்கிற ஒற்றை அறைக் காம்பராக்களின் வரிசை ஒன்று.

மிளகாய்க் கையோடு கண்ணைத் தொட்டுவிட்டேன். அழுகிறாயா என்று அம்மா கேட்டாள். இல்லை என்றேன்.

ஜூன் 7, திங்கள்

மழை. ரப்பர் பால்வெட்டு இல்லை. காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்களத்தில் நிற்க வைத்துவிட்டுத் திருப்பி அனுப்பினார்கள். வந்து தலை துவட்டி, தாளோடு உட்கார்ந்தேன். அதில் உள்ளபடி:

கோடு.
கயிறு. துணி காயப்போடுகிற கொடி, தூண்டில் நூல்.
முகத்தில் விழும் சுருக்கம். அம்மாவுக்கு நிறைய.
பாட்டில் ஒரு வரி.
வரிசை. அரிசிக் கடையில் நிற்பது.
தந்திக் கம்பி, டெலிபோன் கம்பி.
ரயில் பாதை.
சண்டை நடக்கும் இடத்தின் முன் எல்லை. செய்தி நேரத்தில் அம்மா ரேடியோவை நிறுத்திவிடுவாள், அண்ணன் கொழும்பில் இருப்பதால்.
பூமியின் நடுவில் ஓடுகிற ரேகை. கப்பல்காரர்கள் சொல்வதாம்.
வம்சம், பரம்பரை. எங்களுக்கு ஒன்றுதான், பால்வெட்டு.
சட்டைக்கு உள்ளே வேறு துணி வைத்துத் தைப்பது.
தொழில்.

சொல் பிறந்த கதையும் இருக்கிறது. லத்தீன் மொழியில் ஆளி என்ற செடியின் நார். அந்த நாரில் திரித்த கயிறு. கயிற்றை இழுத்துக் கட்டி நேர் பார்த்ததால் கோட்டுக்கும் அதே பெயர். பிரெஞ்சு வழியாக ஒரு தரம், அதற்கு முன்னே நேராக ஒரு தரம் என்று இங்கிலீசுக்குள் இரண்டு வழியில் வந்து ஒன்றாகிவிட்டதாம். ஆளியை நான் பார்த்ததில்லை.

எங்கள் லைன் மட்டும் இல்லை. சொல் தாளின் முடிவில் முடியவில்லை, அடுத்த தாளுக்குப் போகிறது. அதில் இருக்கும். அடுத்த தாள் யார் வீட்டு மிளகாயோடு போனதோ.

ஜூன் 9, புதன்

வெயில். வேலை. கீழ் மலையில் ஒரு மரத்தில் ஆழமாக வெட்டிவிட்டேன். பட்டைக்குக் கீழே வெள்ளை மரம் தெரிந்தது. வேலையை மேற்பார்க்கும் கணக்கப்பிள்ளை ஐயா பார்த்துவிட்டார். மரத்தைக் காயப்படுத்தினால் அது ஆயுசுக்கும் ஆறாது, புத்தி எங்கே இருக்கிறது என்று கேட்டார். புத்தி தாளில் இருந்தது.

பின்னேரம் நானா ஆள் அனுப்பினார், போனேன். அண்ணன் கடைக்கு டெலிபோன் கோல் எடுத்திருக்கிறான். "வெள்ளிக்கெழம வாராராம் மகள். சாமான் சட்டி எல்லாத்தோடயும். காம்பராவ கழுவி வைக்கச் சொன்னாரு."

சாமான் சட்டியோடு! அப்படியென்றால் கொழும்பு வேலையை விட்டுவிட்டான். வீட்டுக்கே வருகிறான்.

அடுத்த தாள் இருக்கிறதா என்று நானாவிடம் கேட்க வாய் வரவில்லை. கேட்காமல் கொஞ்சம் மல்லி வாங்கினேன். சுற்றித் தந்தது வேறு பக்கம், ஆட்டு நோய்களைப் பற்றி என்னவோ.

வரும் வழியெல்லாம் ஒரே யோசனை. அப்பா செத்து, பிறகு அம்மாவின் காலும் விழுந்தபோது வீட்டில் தோட்ட வேலைக்குப் பேர் பதிந்த ஆள் யாரும் இல்லை. தோட்டத்தில் பேர் இல்லாத குடும்பத்துக்குக் காம்பரா இல்லை. அண்ணன் கொழும்பை விட்டு வரமாட்டேன் என்றான். ஒன்பதாம் வகுப்பில் இருந்த என்னை எடுத்துப் பேர் பதிந்தார்கள். அம்மா அன்றைக்குச் சொன்னது அப்படியே ஞாபகம் இருக்கிறது: "ரெண்டு வருஷம் பொறு பாப்பா. அண்ணன் வந்து பேர் பதிஞ்சதும் நீ பள்ளிக்கூடம் போ." இந்த வருஷத்துக்குள் வந்தால் பத்தாம் வகுப்பில் உட்கார வைக்கலாம், அதற்குப் பிறகு வயது இடம் கொடுக்காது என்று பள்ளிக்கூடத்துத் தலைமை வாத்தியார், பெரிய சேர், சொல்லியிருக்கிறார்.

இரண்டு வருஷமும் முடிகிறது. அண்ணனும் வருகிறான். அம்மாவும் இதையேதான் நினைக்கிறாள். பெட்டியிலிருந்து என் வெள்ளைப் பள்ளிக்கூடக் கவுனை எடுத்து வெளியே வைத்திருக்கிறாள்.

ஜூன் 10, வியாழன்

மழை விட்டு விட்டு. கவுனைத் துவைத்தேன். ஓரத்தைப் பிரித்து இறக்கினால் இன்னும் முழங்காலை மூடும். வெளியே காயாது, அடுப்புக்கு மேலே கொடி கட்டிப் போட்டேன். காம்பராவைச் சாணி போட்டு மெழுகினேன். பக்கத்துக் காம்பராப் புஷ்பம் அக்கா எட்டிப் பார்த்து, "என்னா, மாப்பிள்ள பாக்க வாராங்களா?" என்று கேட்டாள். சிரிப்பு வந்தது. எனக்குச் சிரிப்பு வருவதே அபூர்வம்.

ஜூன் 11, வெள்ளி

அண்ணன் வந்தான். கூட ஒரு பெண்.

கொழும்பு மருதானைப் பக்கமாம். என்னைவிட இரண்டு வயது கூட இருக்கலாம். சேலையை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு தண்ணீர் ஓடுகிற கான் ஓரமாக நின்றது. வயிறு தெரிகிறது. அம்மா விளக்கைக் கொளுத்தி, "வாம்மா உள்ள" என்றாள். அவ்வளவுதான் கல்யாணம்.

அந்தப் பிள்ளை என்னிடம் முதலில் கேட்டது: "டாய்லெட் எங்க இருக்கு?" லைன் கோடியைக் காட்டினேன். குடையோடு கூடவே போனேன்.

சாப்பிட்டு முடித்தபின் அண்ணன் சொன்னான். கொழும்பில் ஓயாத பொலிஸ் சேக்கிங். அவளுக்கு இன்னும் அடையாள அட்டை கிடைக்கவில்லை. பொலிஸில் பதியாத ஆளை வைத்திருக்க முடியாது என்று அறைக்காரன் விரட்டிவிட்டான். பிள்ளை பிறக்கும் வரைக்குமாவது இங்கே இருக்கட்டும் என்றான். அவன்? அவன் திங்கட்கிழமை திரும்புகிறான். ஹோட்டலில் இப்போதுதான் மேசை துடைக்கிற வேலையிலிருந்து காசு வாங்குகிற இடத்துக்கு ஏற்றியிருக்கிறார்களாம்.

அம்மா என்னைப் பார்க்கவே இல்லை. சோற்றுச் சட்டியைச் சுரண்டிக்கொண்டிருந்தாள், அதில் ஒன்றுமில்லை.

ஜூன் 12, சனி

தூறல். காலையில் கணக்கப்பிள்ளையிடம் சொல்லிவிடலாம் என்று அண்ணன் கூப்பிட்டான். புது ஆள் காம்பராவுக்கு வந்தால் சொல்ல வேண்டும். அவன் முன்னால், நான் பின்னால்.

க.பிள்ளை ஐயா நல்ல குணத்தில் இருந்தார். பெண்சாதியை லயத்தில் கொண்டுவந்து கட்டிவிட்டுக் கொழும்புக்கு ஓடுகிறாயா என்று அண்ணனைக் கிண்டல் செய்தார். லயம் என்பதே லாயம்தான், அந்தக் காலத்துத் துரை குதிரை கட்டி மிச்சமிருந்த இடத்தில் நம்மைக் கட்டினான் என்று சொல்லிச் சிரித்தார். அவர் சிரித்ததால் அண்ணனும் சிரித்தான். லைன் என்பதுதான் நம் வாயில் லயம் ஆனது என்று எனக்குத் தோன்றியது. இரண்டில் எது உண்மையானால் என்ன.

பிறகு அவர் சிரிப்பை நிறுத்திவிட்டு, "ஒனக்கு அங்க காம்பரா இல்ல தம்பி. இந்தப் புள்ள பேர்லதான் இருக்கு. நீ பேர் பதியிறியா சொல்லு, திங்கக்கெழமையே பால் வெட்டுற கத்தி தாரேன்" என்றார்.

அண்ணன் தன் கையைப் பார்த்தான். சுத்தமான கை. நகத்தில் பால் கறுப்பு இல்லை.

"யோசிச்சு சொல்றேங்க."

க.பிள்ளை என் பக்கம் திரும்பினார். "அப்ப நீதான் புள்ள."

வரும் வழியில் நானாகவே பேசினேன். எவ்வளவு நேரம் அதற்குத் தைரியம் தேடினேன் என்று எனக்குத்தான் தெரியும். எனக்குப் பள்ளிக்கூடம் இருக்கிறதே அண்ணா என்றேன். அவன் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அன்பாகத்தான் சொன்னான், தோளில் கை வைத்து.

"பள்ளிக்கூடம் எங்க பாப்பா ஓடப் போவுது. ஒரு ரெண்டு வருஷம் பாரு."

ஜூன் 13, ஞாயிறு

கடைக்குப் போகவில்லை. அண்ணன் போனான். தலைவலி.

லைன் சுவர் கூரை வரைக்கும் போவதில்லை, அங்கே பேசுவது இங்கே விழும். புஷ்பம் அக்கா புருஷனிடம்: "படிக்கிற புள்ளையா இருந்திச்சு. கத்திய குடுத்து வாய மூடிட்டாங்க." அம்மாவுக்கும் கேட்டிருக்கும். அடுப்பை ஊதிக்கொண்டே இருந்தாள்.

பின்னேரம் அண்ணி (அப்படித்தான் கூப்பிட வேண்டுமாம்) உப்புக் கடன் கேட்கப் புஷ்பம் அக்காவிடம் போனாள். ஒரு தாளில் உப்பு வாங்கி வந்தாள். உப்பைச் சிரட்டையில் கொட்டிவிட்டுத் தாளை உதறி என்னிடம் நீட்டினாள். "நீங்க அன்னைக்கு படிச்சிக்கிட்டிருந்தீங்களே, அந்த மாதிரியே இருக்கு. வேணுமா?"

அடுத்த தாள். அதேதான். ஒரு மூலை எண்ணெயில் ஊறிப் போயிருந்தாலும் எழுத்து தெரிகிறது.

வாசித்தேன், லைன் சேர்ந்து வருகிற தொடர்கள். வரிசையில் நில். எல்லை தாண்டாதே. எதிர்ப்புக் குறைந்த வழி. கடைசி வரைக்கும் விரல் வைத்துப் பார்த்தேன். நூறு வருஷத்துக்கு மேலாக நாங்கள் குடியிருக்கிற லைன் அதிலும் இல்லை. அதற்குக் கீழே வேறு சொல் தொடங்கிவிட்டது.

அண்ணியிடம் கோபப்பட ஒரு காரணம் தேடினேன். கிடைக்கவில்லை.

ஜூன் 14, திங்கள்

மழை. வேலை இல்லை. விடியும்போதே அண்ணன் பஸ் ஏறிவிட்டான். அண்ணி ரோட்டுக்குப் போகவில்லை, வாந்தி.

பேர் பதிவதைப் பற்றி அம்மாவிடம் அவன் ஒன்றும் சொல்லவில்லையாம். அம்மாவும் கேட்கவில்லையாம்.

ஒரே காம்பராவில் பிள்ளைத்தாய்ச்சிக்கு மறைப்பு வேண்டும், அவன் வந்து போகும்போதும் வேண்டும் என்று அம்மா சொன்னாள். நடுவில் கயிறு கட்டிச் சேலை போடலாம். வீட்டில் இருக்கும் கயிறு ஒன்றுதான், அடுப்புக்கு மேலே கட்டியிருந்த கொடி. கவுனை எடுத்து அம்மா மடியில் வைத்துவிட்டுக் கொடியை அவிழ்த்தேன். கவுன் காய்ந்திருந்தது, புகை வாசம்.

ஒரு முனையை அண்ணி பிடித்தாள். மறுமுனையை நான் ஆணியில் சுற்றி இழுத்தேன். நேராக நின்றது. அம்மா கீழே உட்கார்ந்து பார்த்தபடி, "இன்னும் கொஞ்சம் ஒன் பக்கம் தள்ளிக் கட்டு பாப்பா. அவளுக்குக் கால் நீட்ட எடம் வேணும்" என்றாள்.

தள்ளிக் கட்டினேன். சேலையைப் போட்டேன். என் பக்கம் அடுப்பும் வாசலும்.

திரும்பிப் பார்த்தால் அம்மா கவுனின் ஓரத்தை விரலால் தேய்த்துக்கொண்டிருக்கிறாள். நான் பிரித்து இறக்கிய ஓரம்.

"நல்லா மெதுவா இருக்கு. புள்ளத் துணிக்கு ஆவும்."

சரி என்றேன்.

நாளைக்கு மழை இல்லாவிட்டால் மேல் மலை. கத்தி தீட்ட வேண்டும்.