ஓடைக்குள் போகும் வழி

அன்புள்ள அப்பா,

எதையும் ஒளிக்காமல் எழுதப்போகிறேன். கரும்புத் தோட்டத்து அடிமைத்தனத்திலிருந்து தப்பி வந்த நம் முன்னோர் உடைத்துப் போட்ட கால்விலங்குகள் குகையில் இருக்கின்றன. இந்த மலை நம்முடையது என்பதற்கு வழக்கில் அவைதான் சாட்சி. குவாரிக்காரர்கள் கண்டால் அழித்துவிடுவார்கள்.

தடம் பதியாமலிருக்க ஓடைக்குள் இறங்கித்தான் அங்கே போக வேண்டும் என்று எனக்கும் தெரியும். நேற்று கரையோரமாகவே போய்விட்டேன். இன்று குவாரி ஆள் ஒருவன் அந்த ஈரமண்ணைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தான். ஓடிவந்து ஜூரேமா அத்தையிடம் சொன்னேன்.

"ஏண்டி, கால் நனைஞ்சா கரைஞ்சு போயிடுவியா?" என்று கத்தினாள்.

நீங்கள் சாவோ பாவ்லோவிலிருந்து அனுப்பிய வெள்ளை ஷூவைப் போட்டிருந்ததை மட்டும் நான் சொல்லவில்லை.

கால்விலங்குகளை எடுத்துவர அம்மா தனியாக ஓடைக்குள் இறங்கிப் போயிருக்கிறாள். பொழுது சாய்ந்துவிட்டது. குவாரி ஜீப்பின் சத்தம் கேட்கிறது. அத்தை விளக்கை அணைத்துவிட்டாள்.

உங்கள் மகள்