மாப்பிள்ளை எடுக்கும் படங்கள்

அன்புள்ள அத்தானுக்கு,

சிம்மக்கல் அம்மா வீட்டுக்கு வந்து சேர்ந்தேன். அம்மா நலம்.

பழைய சந்துகள் அழியுமுன் படமாவது மிஞ்சட்டும் என்று ஞாயிறுதோறும் கேமராவோடு கிளம்புவீர்கள். எனக்கும் பெருமைதான். இன்று எதிர்வீட்டுச் சுந்தரம்மாள் அத்தை கேட்டாள்: "ஏத்தா, மாப்ள படம் புடிச்ச வீடெல்லாம் அடுத்த மாசமே விலைபோயி இடிபடுதே, எப்படி?" ஏதோ சொல்லி மழுப்பினேன்.

முன்பு நீங்கள் கழுவிக் கொண்டுவரும் படங்களில் வாசலில் ஆட்கள் நிற்பார்கள். இப்போது வெறும் சுவர்தான். போன வாரம் இந்த வீட்டை எடுக்கையில் அம்மாவையும் விலகச் சொன்னீர்கள். பிறகு முகப்பைக் காலடி வைத்து அளந்தீர்கள். படத்துக்கு அளவு எதற்கு?

"மாப்ள நம்ம வீட்டையும் புடிச்சிட்டாரு" என்று அம்மா தெருவெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

ஞாயிற்றுக்கிழமை வாருங்கள். வாசலில் நான் உட்கார்ந்திருப்பேன். என்னை விலகச் சொல்லிப் பாருங்கள்.

இப்படிக்கு,
இந்த வீட்டுப் பெண்