முதல் வார்த்தை மட்டும்

அக்கா,

சூலியா தெருச் சீனக் கடையில் இன்றைக்கு ஜாதிக்காய் வாங்கினேன். காயின் சதையைச் சீவிச் சர்க்கரையில் ஊறப்போட்டு விற்கிறார்களே, அதுதான். நான் அதைத் தின்பதில்லை, அந்த வாசனையே எனக்கு ஆகாது என்று உனக்குத் தெரியும். ஆனாலும் கை நீண்டுவிட்டது. பொட்டலத்தைப் பிரித்ததும் நீ மேடையேறப் போகிற நேரம்போல் ஆகிவிட்டது எனக்கு. ஒரு துண்டைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு, சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு, ஆர்மோனியம் வாசிப்பவரைப் பார்த்து, "ராவுத்தர் அண்ணே, பெட்டியைக் கொஞ்சம் இறக்கியே வாசிங்க, தொண்டை இன்னும் எந்திரிக்கல" என்று நீ சொல்வது காதில் கேட்டது. கடைக்காரர் மிச்சக் காசைக் கையில் வைத்துக்கொண்டு என்னை இரண்டு தடவை கூப்பிட வேண்டியிருந்தது.

நீ போய் இரண்டு தைப்பூசம் ஆகிவிட்டது. நான் இன்னும் உன் பாட்டுகளைத்தான் பாடுகிறேன். உன் இடத்தில் நின்றுதான் பாடுகிறேன். அந்த இடம் எனக்கு எப்படி வந்தது என்று ஊரில் யாரும் துருவிக் கேட்பதில்லை. "அந்தம்மாவுக்கு முடியாமப் போச்சு, கூட இருந்த பொண்ணு எடுத்துக்கிட்டா" என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறார்கள். நீயும் கடைசிவரை அப்படித்தான் சொல்லிவந்தாய். எனக்குத்தான் அது விழுங்க முடியாமல் நிற்கிறது.

உன் வீட்டுக்காரர் கப்பலிலிருந்து தொங்கான் படகுக்கு மூட்டை இறக்கப் போய் இடுப்பை ஒடித்துக்கொண்ட வருஷம் ஞாபகம் இருக்கிறதா? துறைமுகக் கூலிக்காரர்களின் வரிசை வீட்டில் நீயும் நானும் அடுத்தடுத்த அறை. அந்தத் தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலைக் கோயிலில் மோர் ஊற்றப் போயிருந்தோம். பந்தலில் பாட வர வேண்டிய பாகவதர் வரவில்லை, கூட்டம் கலையப் பார்த்தது. நீ மோர்க் குவளையைக் கீழே வைத்துவிட்டு, தெருக் குழாயில் தண்ணீர் வராத கதையைக் குழாயடியில் பாட்டாகக் கட்டி எங்களைச் சிரிக்க வைப்பாயே, அதை எடுத்தாய். முருகனுக்கும் அந்தப் பாட்டுக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது. கடைசி அடியில் மட்டும், "நீயாவது மலைத் தண்ணியத் தொறந்து விடப்பா" என்று சாமியையும் இழுத்துவிட்டாய். பந்தலே குலுங்கிச் சிரித்தது. முகத்தைச் சுளித்த பந்தல்காரர் அடுத்த வருஷம் அவராகவே உனக்கு ஆள் அனுப்பினார்.

அப்படித்தான் ஆரம்பித்தது. நாகப்பட்டினத்திலிருந்து பினாங்குக்குக் கப்பலேறி வந்த நாடகக் கம்பெனிகள், காட்சி மாற்றுகிற நேரத்தில் ஜனங்கள் எழுந்து போய்விடாமல் இருக்க, திரைக்கு முன்னால் உன்னை நிறுத்தின. உள்ளே ஜரிகையும் கிரீடமும் ஜொலிக்கும். வெளியே நீ, தினப்படி நூல் சேலையில். முதலாளி பட்டுச் சேலை ஒன்றை நீட்டியபோது நீ வாங்கவில்லை. "நான் என்ன மகாராணியா? பாசாருக்குப் போறவ பாசாருக்குப் போற மாதிரிதான் நிப்பேன் லா" என்றாய். மீன்காரனோடு போட்ட பேரம், டிராம் வண்டியில் சேலை மாட்டிக்கொண்டது, பால்மரத்து ரப்பர் விலை விழுந்ததும் துரைமாரின் நாய்க்குக்கூடச் சாப்பாடு குறைந்தது என்று எல்லாமே உனக்குப் பாட்டு. நம் வரிசை வீட்டில் சண்டை போடுகிறவர்கள் நீ வருவதைப் பார்த்தால் குரலைத் தணித்துக்கொள்வார்கள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை தங்கள் சண்டை மேடையேறிவிடும் என்ற பயம்!

உனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. நான் மிஷன் பள்ளியில் கொஞ்சம் படித்தவள். "எழுதி வச்சுக்கலாம்கா" என்று எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். "எழுதி வச்சா அது அங்கேயே படுத்துக்கும்டி. அப்புறம் எழுப்ப முடியாது" என்பாய். அதனால் உன் பாட்டெல்லாம் உன் வயிற்றிலும் என் வயிற்றிலும்தான் இருந்தன. நான் உன் பின்பாட்டுக்காரி. பக்கப் படுதாவை ஒட்டி நின்று, நீ பல்லவியைத் திருப்பும்போது கூடச் சேர்ந்துகொள்வது என் வேலை. நீ மூச்சு வாங்குகிற இடம் எனக்குத் தெரியும். நீ ஒரு சொல்லை மாற்றப் போகிறாய் என்றால் உன் இடது தோள் லேசாக ஏறும், அதுவும் தெரியும்.

கிராமபோன் பிளேட் கம்பெனிக்காரர்கள் வந்தார்கள். பினாங் ரோட்டு ஓட்டலின் மாடி அறையில் ஜன்னலுக்கெல்லாம் கம்பளி கட்டி, மூச்சு முட்ட முட்ட உன்னைப் பாட வைத்தார்கள். பாட்டு முடிந்த நிம்மதியில் நீ சத்தமாக, "போதுமா லா?" என்று கேட்டுவிட்டாய். அதுவும் பிளேட்டில் ஏறிவிட்டது. பதிவு செய்த வெள்ளைக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். ஊரில் அந்த பிளேட்தான் ஓடு ஓடென்று ஓடியது. காப்பிக் கடைகளில் பாட்டு முடியும் இடம் வந்ததும் சாப்பிடுகிறவர்கள் எல்லோரும் சேர்ந்து "போதுமா லா?" என்று கத்துவார்கள். தைப்பிங், ஈப்போ, கடல் தாண்டி மேடான் என்று உன்னைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள். உன் வீட்டுக்காரர் இடுப்பில் பட்டை கட்டிக்கொண்டு அடுப்பைப் பார்த்துக்கொண்டார், ஒரு முகச்சுளிப்பு இல்லாமல்.

பிறகு அந்தக் கெரேத்தா விபத்து. சுங்கை பட்டாணியில் பாடிவிட்டு வாடகை மோட்டாரில் திரும்பும்போது, மழைச் சாலையில் வண்டி வழுக்கிப் பள்ளத்தில் சாய்ந்தது. எனக்கு முழங்கையில் சிராய்ப்பு, அவ்வளவுதான். உனக்குத் தலையில் அடி. காயம் ஆறிவிட்டது, முடியும் வளர்ந்துவிட்டது. ஆனால் ஒரு நாள் அரிசி களைந்துகொண்டே குழாய்ப் பாட்டை முணுமுணுத்தவள் பாதியில் நின்றாய். என்னைத் திரும்பிப் பார்த்தாய். அந்தப் பார்வையை நான் யாரிடமும் சொன்னதில்லை. நீயே கட்டின பாட்டு, உன்னிடம் சொல்லாமல் எழுந்து போயிருந்தது.

மேடையை விட்டுவிடலாம் என்று யாரும் உன்னிடம் சொல்லத் துணியவில்லை. நீயே ஒரு வழி கண்டுபிடித்தாய். ஒவ்வொரு அடிக்கும் முன்னால், மத்தளச் சத்தத்துக்கு அடியில், படுதாவுக்குப் பின்னாலிருந்து நான் முதல் வார்த்தையை எடுத்துக் கொடுக்க வேண்டும். "முதல் வார்த்தை மட்டும் குடு. மிச்சம் தானா வரும். ஒரு எழுத்து கூடக் குடுத்தே, அப்புறம் அது உன் பாட்டு ஆயிடும், ஆமா" என்றாய், சிரித்துக்கொண்டே. நான் சூடத்தில் அடித்துச் சத்தியம் செய்யாத குறை. அப்படியே ஒரு வருஷத்துக்கு மேல் ஓட்டினோம். முன்வரிசையில் இருப்பவர்களுக்குக்கூடத் தெரியாது. ராவுத்தர் அண்ணனுக்கு மட்டும் தெரியும். நீ தயங்கினால் அவர் பெட்டியில் ஒரு சுற்றுக் கூடுதலாக வாசித்து உனக்கு நேரம் வாங்கித் தருவார்.

ரப்பர் விலை படுத்து, தோட்டத்து ஆட்களைக் கூட்டம் கூட்டமாக ஊருக்குத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்த காலம் அது. கப்பலுக்குக் காத்திருப்பவர்களுக்காக ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பாடச் சொன்னார்கள். கொட்டகை நிறைய ஆட்கள், மடியில் மூட்டையோடு உட்கார்ந்திருந்தார்கள். நீ அவர்களுக்கென்றே கட்டிய பாட்டை எடுத்தாய்.

"கூட்டியாந்த கப்பலே கொண்டுபோக வருகுதே,
கொண்டுவந்த வயசை நான் யாருகிட்டக் கேக்கட்டும்?"

ஒருவரும் அசையவில்லை. நீ சிரிக்க வைப்பாய் என்று வந்தவர்கள். அடுத்த அடிக்கு நான் முதல் வார்த்தையைக் கொடுத்தேன். நீ எடுக்கவில்லை. ராவுத்தர் அண்ணன் ஒரு சுற்று வாசித்தார். மறுபடி கொடுத்தேன். நீ முன்னால் உட்கார்ந்திருந்த யாரோ ஒரு பெண்ணையே பார்த்துக்கொண்டு நின்றாய். கூட்டத்தில் சலசலப்பு ஆரம்பித்தது. அந்த அடியை நானே முழுசாகப் பாடிவிட்டேன்.

இதுவரைக்கும் குற்றமில்லை, அக்கா. யாராக இருந்தாலும் செய்திருப்பார்கள். ஆனால் அதற்கடுத்த அடிக்கு உன் இடது தோள் ஏறியது. நான் பார்த்தேன். நீ மூச்சை இழுத்துக்கொண்டு வாயைத் திறந்தாய். உனக்குப் பாட்டு திரும்பி வந்துவிட்டது, ஒருவேளை புதுச் சொல்லே ஒன்று வந்திருக்கலாம். நான் நிறுத்தியிருக்க வேண்டும். கொட்டகை முழுக்க அத்தனை அமைதியாக என் குரலைக் கேட்டுக்கொண்டிருந்தது. அதுவரை என் குரலை மட்டும் யாரும் கேட்டதே இல்லை. அந்த ருசியில் நான் நிறுத்தவில்லை. பாடிக்கொண்டே படுதாவை விலக்கி வெளியே வந்துவிட்டேன்.

நீ வாயை மூடிக்கொண்டாய். கொஞ்சம் தள்ளி நின்று, எனக்குக் கையால் தாளம் போட்டாய். கடைசி அடியில் ஜனங்கள் அழுதுகொண்டே கைதட்டினார்கள். உள்ளே வந்ததும் உன் தலையிலிருந்த பூவில் பாதியைக் கிள்ளி என் தலையில் வைத்தாய். "நல்லாப் பாடினேடி. இனிமே நீயே முன்னால நில்லு. எனக்கும் கால் வலிக்குது" என்றாய். வேண்டாம் என்று சொல்ல அந்த ஒரு நொடியே போதும், நான் சொல்லவில்லை. "நீ வாயைத் தொறந்ததைப் பாத்தேன்கா" என்று சொல்லியிருக்கலாம். நான் பூவைச் சரிசெய்துகொண்டு, "சரிக்கா" என்றேன்.

அதற்குப் பிறகு நடந்ததை நினைத்தால்தான் எனக்கு என்மேலேயே ஆத்திரம் வருகிறது. நீ படுதாவுக்குப் பின்னால் வந்து நின்றாய். எனக்கு முதல் வார்த்தை எடுத்துக் கொடுக்க! எனக்கு எது மறந்தது? ஆனாலும் நீ விடாமல் வந்தாய். சில நாள் சரியான வார்த்தை வரும். சில நாள் கப்பல் பாட்டுக்கு நடுவில் மீன்காரன் பாட்டின் வார்த்தை வந்து விழும். ஒரு நாள் எனக்குத் தாளம் தப்பியது. உள்ளே வந்து, வேஷக்காரர்கள் எல்லோர் முன்னாலும், "அக்கா, சும்மா இருக்க மாட்டியா? கெடுக்கிறதுக்குன்னே வர்றியா?" என்று கத்தினேன். செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு போனாய். அடுத்த வாரம் வரவில்லை. நானும் கூப்பிட ஆள் அனுப்பவில்லை.

வீட்டில் என்னிடம் நீ மாறவே இல்லை. குழம்பு வைத்தால் ஒரு கிண்ணம் வரும். புது பிளேட்டுக்கு என்னைக் கூப்பிட்டபோது தெருவெல்லாம் சொல்லிப் பெருமைப்பட்டாய். நீ ஒரு வார்த்தை திட்டியிருந்தால் அழுது தீர்த்திருப்பேன். உன் மனதில் என்ன இருந்தது என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. நிஜமாகவே கால் வலித்ததா, அக்கா?

கடைசி மாதங்களில் வயிற்றில் கட்டி என்றார்கள். நான் சாயங்காலங்களில் வந்து உட்காருவேன். பேர்கள் எல்லாம் உனக்குத் தப்பிப்போயின. ஒரு நாள் மழை விட்டிருந்தது, ஜன்னல் கதவு காற்றில் அடித்துக்கொண்டிருந்தது. நீ படுத்தபடியே விரலால் பாயில் தாளம் தட்டி மெதுவாகப் பாடினாய்.

"காத்துக்குக் கூலி குடுத்தவன் யாரு..."

நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அந்த அடியை நான் கேட்டதே இல்லை. மெட்டும் புதுசு. எத்தனை நாளாக நீ தனியாகப் படுத்துக்கொண்டு அதைக் கட்டினாயோ! மறுபடி அதையே பாடினாய். பிறகு நின்றாய். அரிசி களைந்த அன்றைக்குப் பார்த்ததுபோல் என்னைப் பார்த்தாய்.

"அப்புறம் என்னடி? முதல் வார்த்தை குடு."

உன் பாட்டு அத்தனையும் வயிற்றில் வைத்திருந்தவள் நான். என்னிடம் ஒரு எழுத்துகூட இல்லை. "தெரியலக்கா" என்றேன். நீ நம்பவில்லை. "விளையாடாத லா, குடுடி" என்று கையைப் பிடித்தாய். நான் அழுவதைப் பார்த்ததும் விட்டுவிட்டாய். "சரி, போ. வரும்போது வரட்டும்" என்றாய். பத்து நாளில் போய்விட்டாய். அது வரவே இல்லை.

அந்த ஒரு அடி என்னிடம் இருக்கிறது. பாத்திரம் தேய்க்கும்போதும் பஸ்ஸுக்கு நிற்கும்போதும் அதுவாக வாயில் வந்து உட்கார்ந்துகொள்கிறது. ராவுத்தர் அண்ணன் ஒரு தரம் கேட்டுவிட்டு, "அடுத்த அடியை நீயே கட்டிடு தங்கச்சி, அவங்க நடை உனக்குத் தெரியாததா?" என்றார். தெரியும். உட்கார்ந்தால் ஒரு சாயங்காலத்தில் கட்டிவிடுவேன். மேடையில் பாடினால் கைதட்டுவார்கள், அதுவும் தெரியும். சில நாள் அடுத்த வார்த்தை நாக்கு நுனிவரை வந்து நிற்கிறது. பல்லைக் கடித்துக்கொள்கிறேன், அக்கா. அன்றைக்கு மூடத் தெரியாத வாய், இந்த ஒரு பாட்டுக்காவது மூடியிருக்கட்டும்.