சத்தத்தைக் குறைத்தவள்

அக்கா,

மூன்று வாரங்களுக்கு முன், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், எங்கள் சிட்லபாக்கம் வீட்டு கேட்டுக்கு வெளியே உங்கள் போனின் சத்தம் கேட்டது. வண்ணக் குமிழிகள் டப் டப்பென்று வெடிக்கும், வரிசையாக வெடித்தால் ஒரு கூட்டமே கைதட்டும், அந்த விளையாட்டின் சத்தம். இட்லித் தட்டில் மாவு ஊற்றிக்கொண்டிருந்தவள் அப்படியே நின்றுவிட்டேன். நீங்கள் போய் ஐந்து மாதம் ஆகியிருந்தது.

எட்டிப் பார்த்தால் உங்கள் மகள். இடுப்பில் குழந்தை. குழந்தையின் கையில், ஓரத்தில் விரிசல் விட்ட உங்கள் பழைய போன்.

"ஆன்ட்டி, என்னைத் தெரியுதா? அம்மாகூட ட்ரெயின்ல போவீங்களே..."

தெரியாமல் இருக்குமா? ஆனால் அவள் என்னைத் தேடி வருவாள் என்று நான் நினைத்ததே இல்லை. அவள் முகத்தைப் பார்க்கப் பயந்துதான் இரண்டு வருடமாக உங்கள் வீட்டுப் பக்கம் வராமல் இருந்தேன். உங்கள் சாவுக்கு வந்தபோதுகூடக் கூட்டத்தின் பின்னால் நின்று, மாலையை வேறொருவர் கையில் கொடுத்துவிட்டுத் திரும்பிவிட்டேன்.

உள்ளே வந்து உட்கார்ந்தாள். "இந்த கேம் சத்தம் தாங்கல ஆன்ட்டி. இவ போனைக் கீழ வைக்கவே மாட்டேங்கறா. சைடு பட்டனும் வேலை செய்யல. போன்ல எதுனாலும் சிட்லபாக்கம் ஆன்ட்டி சரி பண்ணிடுவாங்கன்னு அம்மா சொல்லிட்டே இருப்பாங்க. அவங்க டைரில உங்க அட்ரஸ் இருந்துச்சு, வந்துட்டேன்."

போனை வாங்கிக்கொண்டேன்.

ஆறு வருடம் நாம் ஒரே பெட்டியில் போய்வந்தோம் அக்கா. நீங்கள் தாம்பரத்தில் ஏறி, பக்கத்து இருக்கையில் பையை வைத்து, "ஆளு வருது, ஆளு வருது" என்று எல்லோரையும் விரட்டிக்கொண்டே வருவீர்கள். அடுத்த ஸ்டேஷன் சானடோரியத்தில் நான் ஏறுவேன். எழும்பூரில் பெண்கள் விடுதி ஒன்றில் உங்களுக்கு மதியச் சமையல். நுங்கம்பாக்கத்தில் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் எனக்கு ரிப்போர்ட் அடிக்கும் வேலை. விடுதியில் எந்தப் பெண் கத்தரிக்காயைத் தட்டின் ஓரம் ஒதுக்குகிறாள், எவள் சாப்பிடாமல் அழுதுகொண்டிருக்கிறாள் என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. என் மாமியாரின் சர்க்கரை அளவு உங்களுக்கு அத்துப்படி.

மூன்றாவது வருடம் உங்கள் மருமகன் தனக்குப் புதுப் போன் வாங்கிக்கொண்டு, பழையதை உங்களுக்குக் கொடுத்தார். யார் அந்த விளையாட்டை உங்களுக்குக் காட்டினார்களோ தெரியாது, அன்றிலிருந்து நீங்கள் அதில் விழுந்துவிட்டீர்கள். கண்ணாடியை மூக்கில் இறக்கிக்கொண்டு, ஒற்றை விரலால் குத்துவீர்கள். "இத்த பாரும்மா, ஒரே அடி, அத்தினியும் பூட்ச்சு!" போன் கைதட்டும். நீங்கள் சிரிப்பீர்கள். வாழ்க்கையில் உங்களுக்கு யாரும் கைதட்டியதில்லை என்று ஒருநாள் சொன்னீர்கள், விளையாட்டாகத்தான் சொன்னீர்கள்.

பிறகு ஒரு மாலை, திரும்பி வரும்போது, எதிரில் உட்கார்ந்திருந்த பெண் வெடித்துவிட்டாள். ஆபீஸ் பையை மடியில் வைத்திருந்த, களைத்துப்போன பெண். "ஏம்மா, இது என்ன உங்க வீடா? தலை வலிக்குது. சத்தத்தை நிறுத்தத் தெரியாதுன்னா போனை எதுக்கு வெச்சிருக்கீங்க?"

பெட்டியே திரும்பிப் பார்த்தது. உங்கள் முகம் சுருங்கியதை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. "பட்டன் அமுங்க மாட்டேங்குதும்மா, நான் இன்னா பண்ணட்டும்" என்று மெல்லச் சொன்னீர்கள். எனக்கு ரோஷம் வந்தது. போனை உங்கள் கையிலிருந்து பிடுங்கினேன்.

முதலில் திரையை மேலிருந்து இழுத்து, மணிக் குறியை அமுக்கினேன். அதிர்வுகூட இல்லாத சைலன்ட். குமிழிகள் மட்டும் வெடித்துக்கொண்டே இருந்தன. அழைப்பு மணி வேறு, விளையாட்டின் சத்தம் வேறு என்பது அப்போது என் மண்டையில் ஏறவில்லை. செட்டிங்ஸுக்குள் போனேன். ஒலி என்ற இடத்தில் ஒன்றன்கீழ் ஒன்றாக நான்கு கோடுகள். எது எதற்கு என்று படித்துப் பார்க்கப் பொறுமை இல்லை, அந்தப் பெண் வேறு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான்கையும் இடது ஓரத்துக்குத் தள்ளினேன். போன் ஊமையானது.

"அவ்ளோதான் அக்கா. இனிமே யாரும் உங்களை ஒண்ணும் சொல்ல முடியாது" என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன்.

மறுநாள் காலை நீங்கள் விளையாடவில்லை. "சத்தம் இல்லாங்காட்டி இன்னாத்துக்கு ஆடறது, சப்புனு கீது" என்று போனைப் பைக்குள் போட்டுவிட்டீர்கள். எனக்குக்கூட அது பிடித்திருந்தது. வெகுநாள் கழித்து நிம்மதியாகப் பேசிக்கொண்டே போனோம். மகள் பிரசவத்துக்கு வீட்டுக்கு வந்திருக்கிறாள், இன்னும் இரண்டு வாரம் இருக்கிறது, லீவு போடுகிறேன் என்றதற்கு அவளே "இப்பவே எதுக்கு, போம்மா" என்று அனுப்பிவிட்டாள், இப்படியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தீர்கள். வண்டி குரோம்பேட்டையில் நின்றது. பல்லாவரத்தில் நின்றது. மாம்பலம் நெருங்கும்போது, வளைகாப்புப் படம் ஒன்றைக் காட்ட வேண்டும் என்று போனை எடுத்தீர்கள்.

பதினாறு அழைப்புகள். பாதி உங்கள் மகளிடமிருந்து, பாதி பக்கத்து வீட்டுப் பெண்ணிடமிருந்து.

திரும்ப அழைத்தபோது பக்கத்து வீட்டுப் பெண்தான் எடுத்தாள். நீங்கள் கிளம்பிய கொஞ்ச நேரத்தில் வலி வந்து, ரத்தமும் போக ஆரம்பித்து, ஆட்டோவில் குரோம்பேட்டை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருந்தார்கள். மருமகன் லாரியோடு ஓசூர்ப் பக்கம் இருந்தார். ஆபரேஷனுக்கு உள்ளே எடுத்துப்போகும்வரை உங்கள் மகள் உங்களைத்தான் அழைத்துக்கொண்டிருந்தாளாம். முதல் அழைப்பு வந்திருந்த நேரத்தைப் பார்த்தேன். நம் வண்டி குரோம்பேட்டையைத் தொடுவதற்கு முன்பே வந்திருந்தது. மணி அடித்திருந்தால் அங்கேயே இறங்கியிருப்பீர்கள்.

மாம்பலத்தில் இறங்கினோம். "ரிங்கு வர்லயே..." என்று போனைத் திருப்பித் திருப்பிப் பார்த்தீர்கள். பிறகு என்னைப் பார்த்தீர்கள்.

"நான்தான் அக்கா, நேத்து..."

"அத்த வுடு. எதிர்ல வண்டி வருது பாரு."

கூட வரட்டுமா என்று கேட்டேன். "நீ வேலைக்குப் போம்மா" என்றீர்கள். அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு நான் போயேவிட்டேன். நீங்கள் போய்ச் சேர்வதற்குள் பேத்தி பிறந்திருந்தாள். தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள்.

மகள் பேசுவதில்லை என்று அடுத்த வாரம் நீங்கள் சொன்னபோது, என்மேல் உள்ள கோபத்தை உங்கள்மேல் காட்டுகிறாள் என்று நினைத்துக்கொண்டேன். யார் அப்படிச் செய்தது என்று நீங்கள் சொல்லியிருப்பீர்கள் அல்லவா? வேறு எவரும் சொல்லியிருப்பார்கள். "கொயந்தைய பாக்க வாம்மா, அவ உன்னை ஒண்ணும் சொல்ல மாட்டா" என்று எத்தனையோ முறை கூப்பிட்டீர்கள். ஒவ்வொரு முறையும் எனக்கு ஒரு காரணம் கிடைத்தது. போகப்போக நீங்களும் கூப்பிடுவதை விட்டுவிட்டீர்கள். ஆனால் எனக்கு இடம் பிடிப்பதை விடவில்லை. மூன்று நாள் தொடர்ந்து நீங்கள் வராமல், அழைத்துப் பார்த்தபோது உங்கள் மகள் எடுத்து, அன்று காலையில் நெஞ்சு வலி என்று உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை என்று சொன்னாளே, அதுவரைக்கும்.

உங்கள் மகள் வந்த அந்த ஞாயிற்றுக்கிழமை, எல்லாவற்றையும் படித்துப் பார்த்துச் செய்தேன். விளையாட்டுக்குள்ளேயே மூலையில் ஒரு பல்சக்கரக் குறி. அதைத் தொட்டால் இசைக்கு ஒன்று, வெடிச் சத்தத்துக்கு ஒன்று என்று இரண்டு பொத்தான்கள். இரண்டையும் அணைத்தேன். வேறு எதையும் தொட வேண்டியதே இல்லை. அன்றைக்கு ரயிலிலும் தேவைப்பட்டிருக்காது. சந்தேகத்துக்கு, அழைப்பு மணியின் கோட்டைப் பார்த்தேன். வலது ஓரம்வரை முழுதாக இருந்தது. "உன் போன்லேர்ந்து ஒரு கால் பண்ணும்மா" என்றேன். மணி கூடத்தையே நிறைத்தது. குழந்தை பயந்து அம்மாவின் தோளில் முகத்தைப் புதைத்தது.

உங்கள் மகள் சிரித்தாள். "அம்மாவுக்கு இது தெரியல பாருங்க. இவ பொறந்த அன்னிக்கு எதையோ அமுக்கி சைலன்ட்ல போட்டுட்டாங்க. எனக்குத் தெரியாம கை பட்டுட்ச்சுன்னு சொன்னாங்க. நான் ரெண்டு மாசம் அவங்ககிட்ட பேசவே இல்ல ஆன்ட்டி."

கை பட்டுவிட்டது என்று சொல்லியிருக்கிறீர்கள்.

நான் எதுவும் பேசாமல் இருந்திருக்கலாம். அவள் காபி குடித்துவிட்டுப் போயிருப்பாள். என்னைப் பற்றி நல்ல எண்ணத்தோடு போயிருப்பாள். உண்மையைச் சொல்கிறேன், அந்த நினைப்பும் வந்தது. ஆனால் எதிரில் இருந்தது உங்கள் முகவாய், உங்கள் நெற்றி.

"அம்மா கை படல. நான்தான் அப்படிப் பண்ணேன்" என்றேன். ரயிலில் அந்தப் பெண் கத்தியது, நான்கையும் தள்ளியது, மறுநாள் நான் வேலைக்குப் போனது, எல்லாவற்றையும் சொன்னேன்.

அவள் குழந்தையை மடிக்கு இழுத்துக்கொண்டாள். "பத்தியச் சாப்பாடு கொண்டாந்து வைப்பாங்க. நான் செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்துப்பேன். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல, நான் இல்லடின்னு." பிறகு என்னைப் பார்த்தாள். "நீங்களாவது வந்து சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லியிருக்கணும்."

"ஏன் வரல?"

"பயம்மா. வேற ஒண்ணுமில்ல."

குழந்தையைத் தூக்கிக்கொண்டு எழுந்துவிட்டாள். காபி அப்படியே இருந்தது. கேட்டைச் சாத்தும்போதுகூட அவள் திரும்பிப் பார்க்கவில்லை. அவள் இனி வரமாட்டாள் என்று நினைத்தேன். ஆனாலும் அன்று இரவு நன்றாகத் தூங்கினேன் அக்கா, அதை உங்களிடம் மறைக்க வேண்டியதில்லை.

பத்து நாள் கழித்து, மதியம், ஆபீஸில் இருக்கும்போது அழைத்தாள்.

"உங்க மேல இன்னும் கோவமாத்தான் இருக்கு ஆன்ட்டி."

"இருக்கட்டும்மா."

"நான் பேசாத அந்த ரெண்டு மாசமும் அம்மா ட்ரெயின்ல என்ன சொல்வாங்க? என்னைத் திட்டுவாங்களா?"

ஒருமுறைகூடத் திட்டியதில்லை என்றேன். பேசுகிறாளா என்று நான் கேட்கும்போதெல்லாம் நீங்கள் சொன்னதையே சொன்னேன்: 'அவ பேசாங்காட்டி இன்னா, நான் பேசிகினுதான் கீறேன்.' மறுமுனையில் அவள் சிரிக்க ஆரம்பித்தாள், பிறகு அது சிரிப்பாக இல்லை. "ஆமா, பேசிகினே இருப்பாங்க. நான் காது குடுக்கவே இல்ல" என்றாள். அப்புறம், "அன்னிக்கு அம்மா செருப்பில்லாம வந்தாங்கன்னு பக்கத்து வூட்டக்கா சொன்னாங்க. எங்க விட்டாங்க?" என்று கேட்டாள்.

அதையும் சொன்னேன். மாம்பலத்தில் எதிர்ப் பிளாட்பாரத்துக்குப் படியேறும்போது ஒரு செருப்பின் வார் அறுந்ததையும், நீங்கள் நின்று பார்க்காமல் மற்றதையும் உதறிவிட்டு, அந்தக் கூட்டத்தில் புடவையைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டு வெறுங்காலோடு ஓடியதையும். உங்கள் மூட்டுவலிக்கு நீங்கள் அப்படி ஓடுவீர்கள் என்று நான் நினைத்ததே இல்லை. வண்டி நகர்ந்த பிறகும் கதவோரம் நின்று, அது சேரப்போகும் திசையையே பார்த்துக்கொண்டிருந்தீர்கள். என் பக்கம் திரும்பவில்லை.

"எனக்கு இதெல்லாம் தெரியாது" என்றாள் உங்கள் மகள். பிறகு, "நாளைக்கும் கூப்பிடட்டுமா?" என்று கேட்டாள்.

தினமும் மதியம் அழைக்கிறாள். ஐந்து நிமிடம், சிலநாள் பத்து. விடுதிப் பெண்களைப் பற்றிச் சொல்கிறேன், நீங்கள் கோபித்துக்கொண்டு ஒருநாள் வேறு பெட்டியில் ஏறியதைச் சொல்கிறேன், மகள் பள்ளியில் முதல் பரிசு வாங்கியதை நீங்கள் பெட்டி முழுக்கச் சொல்லிச் சலிக்க வைத்ததைச் சொல்கிறேன். ஒவ்வொன்றுக்கும் "அப்படியா?" என்கிறாள். உங்களைப் பற்றி உங்கள் மகளுக்குத் தெரியாதது என்னிடம் இவ்வளவு இருக்கிறது என்று எனக்கே தெரியாது அக்கா. ஒன்றையும் விடாமல் அவளிடம் கொடுத்துவிடுகிறேன்.