கேட்கப்படாத குரல்

என்னங்க,

சாப்பாடு மூடி வைத்திருக்கிறேன். சுட வைத்துச் சாப்பிடுங்கள்.

“மெஷின் சரியில்லக்கா, இருந்தும் சாக்கடைக் குழிக்குள்ள இறங்கச் சொல்றாங்க” என்று தம்பி சாகுமுன் போனில் பேசிப் பதிவானதை நேற்று கோர்ட்டில் போட்டுக் காட்டவே விடவில்லை. “காப்பி செல்லாது, பதிவான போனைக் கொண்டு வாங்க” என்றுவிட்டார் நீதிபதி. அந்தப் போனைக் கொடுத்துத்தான் என் பிறந்தநாளுக்குப் புதுசு வாங்கி வந்தீர்கள். ஆசையாகச் செய்தீர்கள், திட்டவும் முடியவில்லை, முகம் பார்த்துப் பேசவும் முடியவில்லை. இனிக் கடை கடையாகத் தேடி அலையாதீர்கள். அதை எப்போதோ பிரித்துப் போட்டிருப்பார்கள்.

வக்கீலிடம் கேஸ் கட்டைத் திரும்ப வாங்கப் போகிறேன். சாவி பக்கத்து வீட்டில்.

பி.கு.: சாயங்காலம் அம்மா வருவாள். “எம்புள்ள பேசுனத ஜட்ஜு கேட்டாரா மாப்பிள்ள?” என்பாள். முழுசாகக் கேட்டார் என்று சொல்லிவிடுங்கள்.