மெட்டுக்கு மேலே போட்ட பெயர்

ஜூன் 3
இப்படித்தான் ஆகும் என்று முப்பது வருடம் முன்பே சொன்னவன் நான். படைப்பிரிவின் வாத்தியக் குழுவில் நான் பெரிய டிரம், அண்ணன் கிளாரினெட். எங்கள் அணிவகுப்பு மெட்டை எழுதியது அண்ணன். குழுத் தலைவர் அதை வாத்தியத்தில் செருகும் சின்ன அட்டைகளில் நகல் எடுக்க வைத்து, மேலே தன் பெயரைப் போட்டுக்கொண்டார். "உன் பேரு போச்சுண்ணே" என்றேன். "வாசிக்கிறாங்கல்ல, விடுடா" என்றார். இன்று அண்ணனும் இல்லை, தலைவரும் இல்லை. படைப்பிரிவில் மெட்டின் வரலாற்றைப் புத்தகமாகப் போடுகிறார்களாம். விவரம் தெரிந்தவர்கள் சொல்லலாமாம். என்னை விட்டால் யார்?

ஜூன் 11
புத்தகம் எழுதும் அதிகாரி வந்தார். பிளந்து கட்டினேன். எல்லை, பதுங்குகுழி, தலைக்கு மேல் குண்டு! என் டிரம் மேல் தாளை வைத்து அண்ணன் எழுத, பறக்காமல் பிடித்துக்கொண்டது நான். தேதிகூடச் சொன்னேன். மனிதருக்கு எழுதி எழுதிக் கை ஓய்ந்தது. எட்டாவது தாண்டாதவன் அதிகாரிக்கே பாடம் எடுத்தேன்.

அவர் போனதும் அண்ணன் மகள், "சண்டைக்கு டிரம்மை எதுக்கு சித்தப்பா தூக்கிட்டுப் போனீங்க? கொட்டியே விரட்டவா?" என்றாள். வாய்க்கொழுப்பு.

ஜூன் 12
அண்ணி கேட்டது ஒன்றுதான். "புத்தகத்துல அவர் பேரு வந்துடுமா தம்பி?" வராமல் எங்கே போகும் என்றேன்.

ஜூலை 20
கடிதம். நான் சொன்ன தேதியில் அண்ணன் விடுப்பில் ஊருக்குப் போயிருந்ததாகப் பதிவேடு சொல்கிறதாம். ஆகவே என் பேச்சை ஏற்பதற்கில்லையாம். தலைவர் பெயரே நிற்குமாம். இருபது வருடம் தோள் வலிக்க டிரம் சுமந்தவன் பொய்யன், செத்த திருடன் மேதை. நல்லா இருங்கடா!

ஜூலை 21
பதில் எழுதினேன். கிழித்தேன்.

ஆகஸ்ட் 9
புத்தகம் தபாலில் வந்தது. அண்ணி பக்கம் பக்கமாக விரல் வைத்துத் தேடினார். பிறகு மூடிவிட்டு, "லீவுல வந்தப்போ இங்க உக்காந்துதானே தம்பி எழுதினாரு? எனக்கு வாசிச்சே காட்டினாரே. அதைச் சொல்லலையா?" என்றார்.

அதைச் சொல்லியிருந்தால் அவர்கள் பதிவேடே நமக்குச் சாட்சி. துணி மடிக்கும் பெண்டாட்டிக்கு எதிரே உட்கார்ந்து எழுதிய மெட்டை எவன் மதிப்பான் என்று நினைத்தேனே...

விடுப்பு முடிந்து வந்து அண்ணன் காட்டிய தாளில் இருந்த தேதியைத்தான் அதிகாரிக்குச் சொன்னேன். அது மட்டும்தான் நிஜம். பதுங்குகுழி நான் வெட்டியது.