படப்பெட்டிக்கு முன் விழுந்த மராஷ்

மே 4, 1926

எங்கள் மலையைப் படம் பிடிக்க வந்த வெளிநாட்டான் இன்று என்னைத் திரும்பத் திரும்ப மாவு பிசைய வைத்தான். சோளரொட்டியில் என்ன அதிசயமோ! எங்கள் வீட்டில்தான் தங்கியிருக்கிறான். அவன் வேலை முடியும்வரை அண்ணன் மராஷைத் தொடமாட்டேன் என்று பிரெங்க் ஊர்ப் பெரியவர்கள் முன் வாக்குக் கொடுத்திருக்கிறான். வாய்க்கால் சண்டையில் பிரெங்கின் தம்பியைச் சுட்டதிலிருந்து வீட்டுக்குள்ளேயே கிடந்த அண்ணன், மூன்று வருடம் கழித்துப் பகலில் வெளியே வந்தான். வெயிலில் கண் கூசி நின்றான். எனக்கு அழுகை வந்துவிட்டது.

மே 9

பாவி! பழிவாங்குவதையும் படம் பிடிக்க வேண்டுமாம். குண்டில்லாத துப்பாக்கியால் பிரெங்க் சுட்டான், அண்ணன் விழுந்தான். கொன்றவன் செய்யவேண்டிய முறைப்படி அண்ணனை மல்லாத்தி, அண்ணன் துப்பாக்கியைத் தலைமாட்டில் வைத்தான் பிரெங்க். நான் ஒப்பாரி வைக்கவேண்டும். "சும்மா வாயசைம்மா, படத்துல சத்தம் வராது" என்றான் மொழிபெயர்ப்பவன். எனக்குச் சத்தம் வந்தது. நிறுத்த முடியவில்லை. அண்ணன் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டுச் சிரித்தான். "போதும்டி டிலா. செத்தவனுக்கே காது வலிக்குது."

மே 10

பிரெங்குக்குக் காப்பியை முழங்காலுக்கு அடியில் நீட்டினார்களாம். பழி தீர்க்காதவனுக்குத் தருகிற காப்பி. "பொட்டிக்குள்ள சுட்ட வீரா, குடிப்பா!" என்று ஒரே சிரிப்பாம்.

மே 12

அண்ணனைக் கொன்றுவிட்டான்.

மே 15

அன்று காலை வெளிநாட்டான் ஊருக்குத் திரும்பப் பெட்டியைக் கட்டினான். பிரெங்கின் வாக்கும் அதோடு தீர்ந்தது. போகாதேண்ணான்னு கதவை மறிச்சேன். கேட்டானா?

"விருந்தாளியப் பாலம்வரைக்கும் கொண்டுவிடாம ஒளிஞ்சுக்கச் சொல்றியா? அவன் பக்கத்துல இருக்கும்போது எவன் சுடுவான்?"

போகும்போது சரி. திரும்பும்போது தனியாகத்தானே வரணும்?

முதல் குண்டு தாடையைப் பிய்த்திருந்தது. இரண்டாவது கழுத்தில். பற்கள் சட்டையில் ஒட்டிக்கிடந்தன. மல்லாத்தி, தலைமாட்டில் துப்பாக்கி. எனக்கு ஒப்பாரியே வரவில்லை — அன்றைக்கே அழுது தீர்த்துவிட்டேனோ?

நவம்பர் 21

ஷ்கோதர் நகரத்தில் அந்தப் படம். வெள்ளைத்துணியில் அண்ணன் விழுந்தான். ஜனம் கைதட்டியது. எழுந்து சிரிப்பான் என்று காத்திருந்தேன். அதற்குள் துணியில் ஆட்டுமந்தை வந்துவிட்டது. படம் ஓட்டுகிறவனிடம் போய்க் கேட்டேன்.

"எந்திரிக்கிறத வெட்டிட்டாங்கம்மா. எந்திரிச்சா நெசமா இருக்காதுல்ல?"

நவம்பர் 25

உயிருக்கு உயிர் சரியாகிவிட்டது, விட்டுவிடு என்கிறார்கள் பெரியவர்கள். எப்படிச் சரியாகும்? ஊர் ஊராகப் படம் ஓடுகிறது. தினமும் என் அண்ணனைக் கொல்கிறான்.

அவர்கள் முன்னாலேயே கூந்தலை வெட்டினேன். கல்யாணமே வேண்டாம் என்று சத்தியம் செய்தேன்; எங்கள் மலை வழக்கப்படி இனி நான் ஆண். பெண்ணைச் சுடமாட்டார்கள், இனி என்னைச் சுடலாம். அண்ணன் கால்சட்டை இடுப்பில் நிற்கவில்லை, கயிற்றால் கட்டிக்கொண்டேன்.

டிசம்பர் 3

கதவைச் சாத்தி உட்கார்ந்திருக்கிறேன். இனிப் பகலில் வெளியே போகமுடியாது. ஆடுகள் தண்ணீருக்குக் கத்துகின்றன.

பிரெங்கை மல்லாத்தியபோது கண் திறந்தே இருந்தது. அவன் துப்பாக்கியைத் தலைமாட்டில் வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் நின்றேன், எழுந்து மண்ணைத் தட்டுவானோ என்று.

எழவில்லை.